மாண்ட்ரியல் மனநலச் சோதனைகள்: வீடு திரும்பிய பிறகு நடந்தது என்ன? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கனடாவின் மாண்ட்ரியல் நகரில், ஆலன் மெமோரியல் இன்ஸ்டிட்யூட் என்ற மனநல மருத்துவமனையில் 1950-களிலும் 60-களின் தொடக்கத்திலும் நடந்த சோதனைகளைப் பற்றி யார் பேசினாலும் அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏ, மூளைச்சலவை, எல்எஸ்டி என்ற மாயத்தோற்ற போதைமருந்து என்றே பேச்சு போய்விடுகிறது. உளவுக் கதையாக அது பரபரப்பாகத்தான் இருக்கும். ஆனால் அந்த மருத்துவமனையிலிருந்து திரும்பி வந்தவர்களோடு ஒரே வீட்டில் வாழ்ந்தவர்களின் கதை அரைகுறையாகவே சொல்லப்பட்டிருக்கிறது. அவர்களுடைய வழக்கு இன்னும் நீதிமன்றத்தில் இருக்கிறது. இங்குள்ள கேள்விகளும் பதில்களும் பெரும்பாலும் அவர்களைப் பற்றியவை.

இது யாருடைய வேலை?

டாக்டர் டொனால்டு யூவன் கேமரன். 1901-இல் ஸ்காட்லாந்தில் பிறந்தவர். மாண்ட்ரியலின் மவுண்ட் ராயல் மலைச்சரிவில், ஒரு கப்பல் முதலாளி கட்டிய ரேவன்ஸ்கிராக் மாளிகையில் இயங்கிய இந்த மருத்துவமனையை 1940-களில் தொடங்கி 1964 வரை நடத்தினார். அது மெக்கில் பல்கலைக்கழகத்தோடும் ராயல் விக்டோரியா மருத்துவமனையோடும் இணைந்தது.

எங்கோ மூலையில் ஒளிந்து வேலை செய்த போலி மருத்துவர் என்று அவரை நினைத்துவிடக் கூடாது. அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்துக்கும் கனடா சங்கத்துக்கும் தலைவராக இருந்தவர். உலக மனநல மருத்துவச் சங்கத்தின் முதல் தலைவரும் அவர்தான். இரண்டாம் உலகப்போர் முடிந்ததும், நியூரம்பெர்க் போர்க்குற்ற விசாரணைக்காக நாஜித் தலைவர் ருடால்ஃப் ஹெஸ்ஸின் மனநிலையைப் பரிசோதித்த குழுவிலும் இருந்தார். அதே நியூரம்பெர்க்கில்தான் 1947-இல், சோதனைக்கு உட்படுபவரின் மனமுவந்த சம்மதம் கட்டாயம் என்ற விதி எழுதப்பட்டது. இதையெல்லாம் சொல்லக் காரணம் உண்டு. தன் மனைவியையோ தகப்பனையோ அவரிடம் ஒப்படைத்தவர்கள் ஏமாளிகள் அல்ல. அந்த நாட்டிலேயே பெரிய டாக்டரிடம்தான் போனார்கள்.

அவர் என்ன செய்தார்?

பழுதுபட்ட மனப்போக்கை முழுதாக அழித்துவிட்டால், அந்த இடத்தில் ஆரோக்கியமான மனப்போக்கைப் புதிதாகப் பதிய வைக்கலாம் என்று அவர் நம்பினார். அழிக்கும் பகுதிக்கு ‘டீபேட்டர்னிங்’ என்று பெயர். அதற்கு மின்னதிர்ச்சியை வழக்கத்துக்கு மீறிப் பயன்படுத்தினார். ஒருமுறை அதிர்ச்சி கொடுத்து, வலிப்பு அடங்குவதற்குள் அடுத்தடுத்துப் பல அதிர்ச்சிகள் கொடுப்பார்கள். இது நாள்தோறும், வாரக்கணக்கில் நடக்கும். கூடவே பார்பிச்சுரேட், குளோர்புரோமசைன் போன்ற மருந்துகளைக் கொடுத்து நோயாளியை வாரக்கணக்கில் தூக்கத்திலேயே வைத்திருந்தார்கள். சாப்பிடவும் கழிப்பறைக்குப் போகவும் மட்டும் எழுப்புவார்கள்.

இதன் முடிவில் நோயாளிக்குத் தான் எங்கே இருக்கிறோம் என்று தெரியாது. என்ன வருடம் என்று தெரியாது. தானாகச் சாப்பிட முடியாது, சிறுநீரை அடக்க முடியாது. கேமரனின் கணக்கில் இது தோல்வி இல்லை. அவர் எட்ட நினைத்த கட்டமே இதுதான்.

அப்புறம் ‘சைக்கிக் டிரைவிங்’. ஒலிநாடாவில் பதிவு செய்த ஒரு சிறிய வாசகத்தை ஒரு நாளில் 16 மணி நேரம்கூட விடாமல் ஒலிக்கவிடுவார்கள். தலையணைக்கடியிலோ காதோடு பொருத்தியோ ஒலிபெருக்கி இருக்கும். முதலில் நோயாளியைக் குத்திக்காட்டும் வாசகம், பிறகு நல்லவிதமான வாசகம். இந்த முறையைப் பற்றி 1956-இல் அமெரிக்காவின் முன்னணி மனநல மருத்துவ இதழிலேயே அவர் கட்டுரை வெளியிட்டார். ரகசியமாக எதையும் செய்ததாக அவருக்கே தோன்றவில்லை.

அங்கே போனவர்கள் எல்லாரும் முற்றிய மனநோயாளிகளா?

இல்லை. பலர் மனச்சோர்வுக்கும் பதற்றத்துக்கும் போனவர்கள். பிரசவத்துக்குப் பிறகு வந்த மனச்சோர்வோடு போன இளம் தாய்மார் உண்டு. வெல்மா ஓர்லிகோ என்பவர் அப்படித்தான் 1956-இல் அங்கே போனார். முகநரம்பு வலிக்கு வழி தெரியாமல் வந்த ஒரு தகப்பன் உண்டு. கால் வலியோடு வந்த, பதினெட்டு வயதே ஆன ஓர் இளைஞன் உண்டு. பணி வாய்ப்புக் கேட்டு வந்து, நோயாளியாகப் படுக்கவைக்கப்பட்ட ஒரு பெண் மருத்துவர்கூட உண்டு.

சிஐஏ பணம் கொடுக்காமல் இருந்திருந்தால் இது நடந்திருக்காதா?

நடந்திருக்கும் என்றே நினைக்கிறேன். மனித மனத்தைக் கட்டுப்படுத்தும் வழிகளைத் தேடி சிஐஏ 1953-இல் எம்கே-அல்ட்ரா என்ற ரகசியத் திட்டத்தைத் தொடங்கியது. அதன் 68-ஆவது துணைத்திட்டமாக, ‘மனிதச் சூழலியல் ஆய்வுச் சங்கம்’ என்ற பெயர்ப்பலகை அமைப்பின் வழியே 1957 முதல் 1960 வரை கேமரனுக்குச் சுமார் 60,000 டாலர் போனது. ஆனால் அதற்கு முன்பே அவர் இந்த முறைகளைத் தொடங்கிவிட்டார். சிஐஏ பணம் நின்ற பிறகும் தொடர்ந்தார். கனடா அரசின் சுகாதாரத் துறை கொடுத்த ஆய்வு நிதி சிஐஏ கொடுத்ததைவிட அதிகம்.

சிஐஏ செய்தது மன்னிக்க முடியாத காரியம், அதில் ஐயமில்லை. ஆனால் பழி முழுவதையும் அதன் தலையில் போட்டால், தினமும் அந்த வார்டில் நடந்து போன மருத்துவர்களும், நிதி ஒதுக்கிய அதிகாரிகளும், பல்கலைக்கழகமும் எளிதாகத் தப்பித்துவிடுகிறார்கள். குடும்பங்களின் கோபம் அவர்கள் மீதும் இருக்கிறது. அது நியாயமான கோபம்.

சம்மதம் வாங்கினார்களா?

சிகிச்சைக்கான பொதுவான சம்மதம் இருந்திருக்கலாம். ஆய்வு என்று சொல்லி, அதன் விளைவுகளை விளக்கி வாங்கிய சம்மதம் இல்லை.

இதில் குடும்பத்தைச் சுடும் விஷயம் ஒன்று இருக்கிறது. மனைவியைக் கணவனும் மகளைத் தகப்பனும் கூட்டிக்கொண்டு போய்ச் சேர்த்தார்கள். ‘நான்தானே கொண்டுபோய் விட்டேன்’ என்ற எண்ணம் அவர்களை விடவில்லை. ஏமாற்றப்பட்டவரே தன்னைக் குற்றவாளியாக நினைத்துக்கொண்டு வாழ்வது மிகக் கொடுமை.

ஒப்பிட்டுப் பார்க்க இன்னொன்றும் சொல்ல வேண்டும். அதே மெக்கில் பல்கலைக்கழகத்தில் டொனால்டு ஹெப் என்ற உளவியலாளர் 1950-களின் தொடக்கத்தில், பார்வை, ஒலி, தொடுதல் எதுவும் எட்டாமல் ஆளைத் தனியே வைக்கும் புலனுணர்வுத் தடைச் சோதனைகளை நடத்தினார். அதில் கலந்துகொண்டவர்கள் சம்பளம் வாங்கிய மாணவர்கள். போதும் என்றால் எழுந்து போய்விடலாம், பலர் சில நாள்கூடத் தாங்காமல் போனார்கள். கேமரனின் நோயாளிகளுக்கு அந்த வழி இல்லை.

வீடு திரும்பியவர்கள் எப்படி இருந்தார்கள்?

எல்லாருக்கும் ஒரே மாதிரி இல்லை. சிலருக்குச் சில மாதங்களின் நினைவு போயிருந்தது. சிலருக்குப் பல ஆண்டுகளே காணாமல் போயிருந்தன: திருமணம், பிள்ளை பிறந்தது, செய்துவந்த தொழில் என எதுவும் நினைவில் இல்லை. வீட்டுக்கு வந்த அம்மா தன் பிள்ளைகளை யார் என்று கேட்டதாகக் குடும்பங்கள் சொல்லியிருக்கின்றன. அடுப்பு பற்றவைப்பது முதல் திரும்பக் கற்றுக்கொடுக்க வேண்டியிருந்தது. சிரிக்கச் சிரிக்கப் பேசிய அப்பா ஒட்டுறவில்லாத ஆளாக, சின்ன விஷயத்துக்கும் வெடிப்பவராகத் திரும்பினார்.

வெல்மா ஓர்லிகோவுக்கு அங்கே பலமுறை எல்எஸ்டி ஊசி போடப்பட்டது. நன்றாக வாசிக்கும் பழக்கமுள்ளவர். பிறகு ஒரு புத்தகத்தில் மனம் ஊன்றவும், ஒரு கடிதம் எழுதி முடிக்கவும் சிரமப்பட்டார். அவருடைய கணவர் டேவிட் ஓர்லிகோ 1962 முதல் வின்னிபெக் வடக்குத் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர். அவ்வளவு செல்வாக்குள்ள வீட்டிலேயே இந்த நிலை என்றால் மற்ற வீடுகளை நினைத்துப் பாருங்கள்.

இது குடும்பங்களின் புலம்பல் மட்டும் இல்லை. கேமரன் விலகியதும் அவருக்கு அடுத்து வந்த ராபர்ட் கிளெக்ஹார்ன் இந்தச் சிகிச்சையை நிறுத்தினார். பழைய நோயாளிகளைத் தேடி ஆய்வு செய்யவும் ஏற்பாடு செய்தார். 1967-இல் வெளியான அந்த ஆய்வில், பதில் சொன்னவர்களில் சுமார் 60 விழுக்காட்டினர் சிகிச்சைக்கு முந்தைய ஆறு மாதம் முதல் பத்து ஆண்டு வரையிலான காலத்தின் நினைவை இழந்திருந்தார்கள். அதாவது பாதிப்பு அந்த மருத்துவமனைக்கே 1967-இல் தெரியும். வீடுகளுக்கு யாரும் சொல்லி அனுப்பவில்லை.

பிள்ளைகள் எப்படிப் பாதிக்கப்பட்டார்கள்?

இதற்குத்தான் கொஞ்சம் நிதானமாகப் பதில் சொல்ல வேண்டும்.

முதலில், பிரிவு. அம்மா மாதக்கணக்கில் மருத்துவமனையில் இருக்கும்போது பிள்ளைகளை உறவினர் வீடுகளில் விட்டார்கள். ஏன் என்று சொல்லவில்லை. ‘அம்மாவுக்கு உடம்பு சரியில்லை’ என்பதோடு பேச்சு முடிந்தது.

அடுத்தது, திரும்பி வந்தவர் அதே ஆள் இல்லை என்ற குழப்பம். சாவு என்றால் அழுது தீர்க்கலாம். துக்கம் கேட்க நாலு பேர் வருவார்கள். இங்கே முகம் அதே முகம், குரல் அதே குரல். ஆனால் முன்பு மடியில் இழுத்து உட்கார்த்திக்கொண்டவருக்கு இப்போது உங்களைத் தொடவே தோன்றவில்லை. ஐந்து வயதுப் பிள்ளை இதை எப்படிப் புரிந்துகொள்ளும்? ‘நான் ஏதோ தப்பு செய்துவிட்டேன், அதனால்தான் அம்மாவுக்கு என்னைப் பிடிக்கவில்லை’ என்றுதான் புரிந்துகொள்ளும். அறுபது, எழுபது வயதான பிறகும் அந்தப் பிள்ளைகள் சொல்வது இதைத்தான்.

மூன்றாவது, தலைகீழான பொறுப்பு. பெற்றவரைப் பிள்ளை பார்த்துக்கொள்ள வேண்டிய நிலை. அப்பாவால் தொழிலைக் கவனிக்க முடியாமல் வருமானம் நின்ற வீடுகள் உண்டு. லூயி வைன்ஸ்டீன் என்ற மாண்ட்ரியல் வணிகர் பதற்ற நோய்க்காக அங்கே போனார். வசதியாக வாழ்ந்த மனிதர், தொழிலையும் பழைய வாழ்க்கையையும் இழந்து உடைந்துபோனவராகத் திரும்பினார். அவருடைய மகன் ஹார்வி வைன்ஸ்டீன் பின்னாளில் மனநல மருத்துவரே ஆனார். அப்பாவுக்கு நடந்ததைத் தன் தொழிலின் கண்ணாலும் மகனின் கண்ணாலும் பார்த்து எழுதினார், வழக்குக்கும் துணை நின்றார்.

இதன் பிறகு வருவதைக் கணக்கில் எழுத முடியாது. கோபம் நிறைந்த வீட்டில் வளர்ந்தவர்கள், யாரையும் நம்பப் பயந்தவர்கள், மருத்துவர் என்றாலே ஒதுங்கியவர்கள், தாங்களே பெற்றோர் ஆனபோது எப்படி அன்பு காட்டுவது என்று தடுமாறியவர்கள். பேரப்பிள்ளைகள்வரை இது வந்திருக்கிறது என்று குடும்பங்கள் சொல்கின்றன. இதற்கு மரபணு விளக்கமெல்லாம் தேவையில்லை. பயத்திலும் மௌனத்திலும் வளர்ந்தவர் தன் பிள்ளையையும் அதே பயத்தோடு வளர்ப்பது நடக்கக்கூடியதுதான்.

அவர்களுக்கு முன்பே மனநோய் இருந்ததே, பாதிப்பு அதனால் வந்திருக்கலாமே?

நியாயமான கேள்வி. தனியொருவரின் விஷயத்தில் எது நோயால் வந்தது, எது சிகிச்சையால் வந்தது என்று பிரிப்பது கடினம்தான். அரசுத் தரப்பும் இந்த வாதத்தை நன்றாகப் பயன்படுத்திக்கொண்டது.

ஆனால் பிரசவத்துக்குப் பிந்தைய மனச்சோர்வு பத்து ஆண்டு நினைவை அழிக்காது. முகநரம்பு வலி ஒருவரைக் கைக்குழந்தை போல ஆக்காது. மேலே சொன்ன 1967 ஆய்வு வேறு இருக்கிறது. எல்லாவற்றுக்கும் மேலாக, நினைவை அழிப்பதே நோக்கம் என்று கேமரனே எழுதி வைத்திருக்கிறார். நோக்கத்தை எழுத்தில் வைத்துவிட்டு, அந்த விளைவு வந்ததும் நோயின் மேல் பழிபோடுவதை ஏற்க முடியாது.

குடும்பங்கள் ஏன் இத்தனை காலம் பேசாமல் இருந்தன?

தெரியாது என்பதே முதல் காரணம். 1973-இல் சிஐஏ இயக்குநர் ரிச்சர்டு ஹெல்ம்ஸ் எம்கே-அல்ட்ரா கோப்புகளை அழிக்கச் சொன்னார். நிதித் துறைப் பதிவுகளில் தப்பிக் கிடந்த சுமார் 20,000 பக்கங்கள் 1977-இல் வெளிவந்த பிறகுதான் கேமரனின் பெயரும் செய்தித்தாளில் வந்தது. அதுவரை அந்த வீடுகளுக்கு இது ‘எங்கள் வீட்டுப் பிரச்சினை’.

அடுத்த காரணம் வெட்கம். வீட்டில் ஒருவருக்கு மனநோய் என்பதை வெளியே சொல்லாத காலம் அது. பாதிக்கப்பட்டவருக்கோ நடந்தது நினைவிலேயே இல்லை. தனக்கு என்ன செய்யப்பட்டது என்று சாட்சி சொல்ல வேண்டியவரின் நினைவைத்தான் முதலில் அழித்திருந்தார்கள்.

கேமரன் தண்டிக்கப்பட்டாரா?

இல்லை. 1967-இல் மலையேறும்போது மாரடைப்பில் இறந்தார். எந்த விசாரணையையும் அவர் சந்திக்கவில்லை.

இழப்பீடு கொடுத்தார்களே, அதோடு முடிந்ததா?

கொடுத்தார்கள், ஆனால் எப்படிக் கொடுத்தார்கள் என்று பார்க்க வேண்டும்.

1980-இல் ஓர்லிகோவும் மற்றவர்களுமாக ஒன்பது பேர் சிஐஏ மீது வழக்குத் தொடர்ந்தார்கள். அமெரிக்க அரசு எட்டு ஆண்டு இழுத்தடித்து, 1988-இல் ஒன்பது பேருக்கும் சேர்த்து 7,50,000 டாலர் தருவதாகச் சமரசம் செய்தது. வெல்மா ஓர்லிகோ 1990-இல் இறந்துவிட்டார்.

கனடாவில், அரசே வழக்கறிஞர் ஜார்ஜ் கூப்பரிடம் கேட்டு வாங்கிய அறிக்கை 1986-இல் வந்தது; அரசுக்குச் சட்டப் பொறுப்பு இல்லை என்ற அதன் முடிவை அரசு பிடித்துக்கொண்டது. 1992-இல்தான் ‘மனிதாபிமான’ அடிப்படையில் ஆளுக்கு 1,00,000 டாலர் தரும் திட்டத்தை அறிவித்தது. கிடைத்தது 77 பேருக்கு. அவர்களும் மேற்கொண்டு வழக்குப் போட மாட்டோம் என்று கையெழுத்திட வேண்டியிருந்தது. முழு ‘டீபேட்டர்னிங்’ ஆகி, குழந்தை நிலைக்குத் தள்ளப்பட்டவராக இருக்க வேண்டும் என்பது நிபந்தனை. ‘நீங்கள் போதுமான அளவு அழிக்கப்படவில்லை’ என்று சொல்லி இருநூறுக்கும் மேற்பட்டவர்களைத் திருப்பி அனுப்பினார்கள். 1953-இல் சிகிச்சை பெற்ற ஒரு பெண், தன்னை மறுத்தது தவறு என்று கூட்டாட்சி நீதிமன்றத்தில் போராடி 2004-இல்தான் வென்றார்.

குடும்பத்தாருக்கு என்ன கிடைத்தது?

அந்தத் திட்டத்தில் அவர்களுக்கு இடமே இல்லை. விண்ணப்பிக்கும்போது பாதிக்கப்பட்டவர் உயிரோடு இருக்க வேண்டும். அதற்கு முன்பே இறந்துபோனவரின் பிள்ளைகளுக்கு ஒன்றும் கிடையாது. பல வருடம் பெற்றவரைப் பராமரித்தவர்களுக்கும் கிடையாது.

இது பணத்தைப் பற்றிய குறை மட்டும் இல்லை. அந்த நிபந்தனை, பாதிப்பு ஓர் உடம்புக்குள் தொடங்கி அந்த உடம்போடு முடிந்துவிட்டது என்று எடுத்துக்கொள்கிறது. தாயின் நினைவிலிருந்து பிள்ளையை அழித்தால் இழப்பு தாய்க்கு மட்டுமா?

2017-இல் ஒரு மகள், 1957-இல் சேர்க்கப்பட்ட தன் தாய்க்காகக் கனடா அரசிடமிருந்து 1,00,000 டாலர் பெற்றார். விவரத்தை வெளியே சொல்லக் கூடாது என்ற நிபந்தனையோடுதான் கொடுத்தார்கள். ஆனாலும் செய்தி வெளியே வந்துவிட்டது. அதுவரை தனித்தனியாக இருந்த குடும்பங்கள் ஒன்றையொன்று தேடிக்கொண்டன. இதே கதை இன்னொரு வீட்டிலும் நடந்திருக்கிறது என்று தெரிந்ததே பலருக்குப் பெரிய ஆறுதல்.

இப்போது வழக்கு எந்த நிலையில் இருக்கிறது?

2019-இல், மாண்ட்ரியல் இருக்கும் கியூபெக் மாகாணத்தின் உயர் நீதிமன்றத்தில் கூட்டு வழக்குக்கு, அதாவது பாதிக்கப்பட்ட எல்லாருக்குமாகச் சேர்த்து நடத்தும் வழக்குக்கு, விண்ணப்பித்தார்கள். 1948 முதல் 1964 வரை கேமரனின் முறைகளுக்கு ஆளானவர்கள் மட்டுமின்றி, அவர்களின் குடும்பத்தாரும் வாரிசுகளும் இதில் சேர்க்கப்பட்டிருக்கிறார்கள். என் பார்வையில் இதுதான் இந்த வழக்கின் முக்கியமான அம்சம். எதிர்த்தரப்பில் மருத்துவமனை, மெக்கில் பல்கலைக்கழகம், கனடா அரசு, அமெரிக்க அரசு.

வெளிநாட்டு அரசு என்ற சட்டப் பாதுகாப்பைக் காட்டி அமெரிக்கா வெளியேறிவிட்டது. மேல்முறையீட்டு நீதிமன்றமும் 2023-இல் அதை உறுதி செய்தது. மற்றவர்கள் மீது கூட்டு வழக்கை நடத்த 2025-இல் நீதிமன்றம் அனுமதி கொடுத்தது. அனுமதி என்றால் தீர்ப்பு இல்லை. வழக்கு இனிமேல்தான் நடக்க வேண்டும். தொடுத்தவர்களோ முதியவர்கள். ஒவ்வொரு ஒத்திவைப்பும் எதிர்த்தரப்புக்கே சாதகம்.

இன்று கொடுக்கும் மின்னதிர்ச்சிச் சிகிச்சையும் இதே மாதிரிதானா?

இல்லை, இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். இன்று மயக்க மருந்தும் தசைத்தளர்வு மருந்தும் கொடுத்து, வாரத்துக்கு இரண்டு மூன்று முறையாக, பெரும்பாலும் 6 முதல் 12 முறை கொடுக்கிறார்கள். கடும் மனச்சோர்வில் அது உயிரைக் காப்பாற்றுகிறது. அதிலும் நினைவு பாதிப்பு வரலாம். அதை மருத்துவர் முன்கூட்டியே சொல்லத்தான் வேண்டும், நீங்களும் கேட்கத்தான் வேண்டும். ஆனால் கேமரன் செய்ததைப் படித்துப் பயந்து, நடந்துகொண்டிருக்கும் சிகிச்சையை யாரும் பாதியில் நிறுத்திவிடாதீர்கள்.

குடும்பங்கள் கேட்பது பணம் மட்டும்தானா?

பணமும் கேட்கிறார்கள், கேட்பதில் தவறே இல்லை. தொழில் போய், படிப்பு நின்று, பராமரிப்புச் செலவில் கரைந்த வீடுகள் அவை.

அதோடு மன்னிப்பும் கேட்கிறார்கள். கனடா அரசு 1992-இல் பணம் கொடுத்தபோதும் பொறுப்பை ஏற்கவில்லை, முறையாக மன்னிப்பும் கேட்கவில்லை. மருத்துவப் பதிவுகளையும் முழுமையாகக் கேட்கிறார்கள். அந்தக் கோப்புகளில் தங்கள் அம்மா எத்தனை நாள் தூங்கவைக்கப்பட்டார், என்ன மருந்து கொடுத்தார்கள், எந்த வாசகத்தைத் திரும்பத் திரும்பக் கேட்கவைத்தார்கள் என்று இருக்கும். தன் அம்மா தன்னை ஏன் மறந்தார் என்பதற்குக் காரணம் அதில் எழுதியிருக்கும்போது, அதைப் படிக்கும் உரிமை அந்த மகளுக்கு இல்லாமல் வேறு யாருக்கு இருக்கிறது?